மேல்முறையீட்டில் ராஜி: ஒரு வரலாற்றுப் பார்வை

 

இவ்வாண்டறிக்கையின் வரவு செலவுப் பகுதியில் 'சமரச அமர்வுகள் – தேநீர்' என்றொரு சிறு செலவினம் இருப்பதை உறுப்பினர்கள் கண்டிருப்பீர்கள். மொத்தம் ஒன்பது அமர்வுகள். ஒரு குடும்பத்தின் பிள்ளைகள் மூவர், வழக்கறிஞர்கள் இருவர், நமது கமிட்டியினர் நால்வர் அமர்ந்து பேசினோம். 2012இல் தொடுக்கப்பட்டு, 2019இல் தீர்ப்பாகி, பின்னர் சார்பு நீதிமன்றத்தில் மேல்முறையீடாகக் கிடந்த பாகப்பிரிவினை வழக்கு ஒன்று, அல்ஹம்து லில்லாஹ், ராஜியில் முடிந்தது. குடும்பத்தின் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. மஹல்லாவில் அறியாதவர் இலர். அறியாதவருக்கு அது தேவையும் இல்லை.

வழக்கின் சாரம் இதுதான். தகப்பனார் விட்டுச் சென்றவை ஒரு வீடும் ஒரு கடையும். கடையைத் தமக்கு அவர் வாழ்நாளிலேயே வாய்மொழி ஹிபாவாக வழங்கிவிட்டார் என்றார் மூத்தவர். அப்படியொன்றும் நிகழவில்லை, இரண்டுமே மூவருக்கும் உரிய வாரிசுச் சொத்து என்றார் இளையவர். ஹிபா மெய்ப்பிக்கப்படவில்லை என்று கண்ட மாவட்ட உரிமையியல் நீதிமன்றம், சொத்தை ஐந்து பாகமாக்கி, ஆண்மக்களுக்கு இரண்டிரண்டும் பெண்மகளுக்கு ஒன்றும் உரியதென முதனிலைத் தீர்ப்பாணை வழங்கியது. மூத்தவர் மேல்முறையீடு செய்தார். ஆகவே, நாம் பேச உட்கார்ந்தபோது இளையவர் கையில் வெற்றித் தீர்ப்பு இருந்தது. 'வென்றவர் எதற்காக இறங்கி வர வேண்டும்? கமிட்டி அவரை வற்புறுத்தியதா?' என்று பொதுக்குழுவில் ஓர் உறுப்பினர் எழுந்து கேட்டார். நியாயமான கேள்வியே. அன்று நேரமின்மையால் இரண்டு வாக்கியங்களில் விடை கூறி அமர்ந்தோம். அக்கேள்விக்கு நீண்ட வரலாறு உண்டு என்பதால் அதனை இங்கே எழுதுகிறோம்.

முதலில் சொல்லைப் பார்ப்போம். 'ராஜிநாமா' என்றால் பதவி விலகல் என்றே இன்று நாம் பொருள் கொள்கிறோம். ஆனால் அரபியின் 'ரிளா' என்ற வேரிலிருந்து பாரசீகத்தின் வழியே நீதிமன்றத் தமிழுக்கு வந்த அச்சொல்லின் பழைய பொருள், இரு தரப்பாரும் மனமொப்பி எழுதிய சமரசப் பத்திரம் என்பதாகும். மனம் ஒப்பாத ராஜி ராஜியாகாது என்பது சொல்லிலேயே அடங்கியிருக்கிறது. இது பின்னர் நமக்குத் தேவைப்படும்.

மதீனாப் பள்ளியில் நிகழ்ந்ததாக புகாரி தொகுப்பில் இடம்பெற்றுள்ள ஒரு நிகழ்ச்சியை ஆலிம்கள் வாயிலாகப் பலர் கேட்டிருப்பீர்கள். கஅப் பின் மாலிக் (ரலி) தமக்கு வரவேண்டிய கடனைப் பள்ளியிலேயே வைத்து இப்னு அபீ ஹத்ரத் (ரலி) அவர்களிடம் கேட்கிறார். இருவரின் குரலும் உயர்ந்துவிடுகிறது. நபி (ஸல்) அவர்கள் தம் அறையின் திரையை விலக்கி வெளிப்பட்டு, கஅப் அவர்களை அழைத்து, பாதியைத் தள்ளிவிடுமாறு கையால் சைகை செய்கிறார்கள். அவர் உடனே ஒப்புக்கொள்கிறார். அடுத்த கணமே கடனாளியை நோக்கி, எழுந்து சென்று எஞ்சியதைச் செலுத்துமாறு கட்டளையிடுகிறார்கள். இந்நிகழ்ச்சியை எடுத்துரைப்போர் பெரும்பாலும் பாதி தள்ளப்பட்டதோடு நின்றுவிடுவர். எஞ்சிய பாதி உடனே செலுத்தப்பட வேண்டும் என்ற கட்டளையும் அதே சமரசத்தின் அங்கம் என்பதை நாம் கவனிக்க வேண்டும். கடன் உண்மையானது, அதில் ஐயமே இல்லை. இறங்கி வந்தவர் உரிமை உடையவரே.

ஃபிக்ஹு நூல்களில் 'சுல்ஹு' தனிப் பாடமாகவே அமைந்துள்ளது. பன்னிரண்டாம் நூற்றாண்டில் மர்கீனானி இயற்றிய ஹிதாயாவில் அது ஒரு முழு அத்தியாயம். அந்நூலை 1791இல் சார்லஸ் ஹாமில்டன் ஆங்கிலத்தில் வெளியிட்டதால் கும்பினி நீதிமன்றங்களின் மேசைக்கும் அது சென்றது. எதிரி கோரிக்கையை ஒப்புக்கொண்ட நிலையில் செய்யும் சமரசம், மௌனமாக இருக்கையில் செய்யும் சமரசம், மறுக்கும் நிலையிலேயே செய்யும் சமரசம் என மூவகையாக அது பிரிக்கப்படுகிறது. ஹனஃபி அறிஞர்கள் மூன்றையும் ஏற்கின்றனர்: மறுப்பவர் பொருள் கொடுப்பது, சத்தியம் செய்யும் இக்கட்டிலிருந்தும் வழக்கிலிருந்தும் தம்மை மீட்டுக்கொள்வதற்காக என்பது அவர்தம் விளக்கம். ஷாஃபிஈ மத்ஹபில் மறுப்பின் மீதான சமரசம் ஏற்கப்படுவதில்லை. கோருபவர் பொய்யராயின் பிறர் பொருளை உண்கிறார். மெய்யராயின் தம் பொருளையே விலைபேச நேர்கிறது என்பது அவர்தம் வாதம். கடற்கரை ஊர்களில் ஷாஃபிஈகளும் உள்நாட்டு ஊர்களில் ஹனஃபிகளுமாக வாழும் நம் தமிழகத்தில் இந்த வேறுபாடு ஏட்டளவில் நின்றுவிடுவதன்று. நம் அமர்வுகளிலும் இது எழுந்தது. அதனைப் பின்னர்க் கூறுவோம்.

அதே அத்தியாயத்தில் 'தகாருஜ்' என்றொரு பகுதி உண்டு. வாரிசுகளுள் ஒருவர் ஒரு தொகையையோ குறிப்பிட்ட பொருளையோ பெற்றுக்கொண்டு தம் பங்கிலிருந்து விலகிக்கொள்வதற்கு அப்பெயர். அதற்கு முன்மாதிரியாகக் காட்டப்படுபவர் ஒரு பெண்மணி. அப்துர் ரஹ்மான் பின் அவ்ஃப் (ரலி) அவர்களின் மனைவியருள் ஒருவரான துமாளிர், எட்டில் ஒரு பங்கின் நான்கிலொன்றாகிய தம் உரிமைக்கு ஈடாக எண்பதாயிரம் அளவிலான தொகை பெற்றுச் சமரசமானார் என்பது செய்தி. விலகியவர் பெண்தான், ஆனால் வெறுங்கையோடு விலகவில்லை. 'சகோதரி விட்டுக்கொடுத்துவிட்டாள்' என்று நம் ஊர்களில் எவ்வளவு எளிதாகச் சொல்லிவிடுகிறோம்!

இனி நீதிமன்றத்தின் பக்கம் வருவோம். சென்னை மாகாணத்தில் தாமஸ் மன்றோவின் பரிந்துரைகளை ஒட்டி 1816இல் வந்த ஒழுங்குமுறைச் சட்டங்கள், கிராம முன்சீபுகளையும் பஞ்சாயத்துகளையும் சட்ட வரம்புக்குள் கொண்டுவந்தன. இரு தரப்பாரும் சம்மதித்தால் வழக்கைப் பஞ்சாயத்தார் முன் வைக்கலாம் என்பது ஏற்பாடு. மன்றோ எதிர்பார்த்த அளவுக்கு மக்கள் அதனை நாடவில்லை. முத்திரையிட்ட தீர்ப்பில் கிடைக்கும் உறுதி வேறெதிலும் கிடைக்காது என்ற எண்ணம் அப்போதே வேர்விட்டிருக்க வேண்டும் என்பது நமது கருத்து. கும்பினி நீதிமன்றங்களுக்கு இஸ்லாமியச் சட்டம் எடுத்துரைத்து வந்த காஜிகளின் பதவி 1864ஆம் ஆண்டுச் சட்டத்தால் ஒழிந்தது. 1880ஆம் ஆண்டுக் காஜிகள் சட்டம் அவர்களை மீண்டும் நியமிக்க வழி செய்தபோதும், நீதி வழங்கும் அதிகாரம் எதனையும் தரவில்லை.

ஆனால் சமரசத்தையே தீர்ப்பாணையாக மாற்றும் வழியை உரிமையியல் நடைமுறைச் சட்டம் கைவிடவில்லை. 1882ஆம் ஆண்டுச் சட்டத்தின் 375ஆம் பிரிவாக இருந்தது, 1908ஆம் ஆண்டுச் சட்டத்தில் 23ஆம் கட்டளையின் 3ஆம் விதியாயிற்று. மேல்முறையீட்டு நீதிமன்றத்திற்கும் விசாரணை நீதிமன்றத்தின் அதிகாரங்கள் உண்டு என்பதால், இவ்விதி மேல்முறையீட்டிற்கும் பொருந்தும். கீழ் நீதிமன்றத் தீர்ப்பு யாருக்குச் சாதகமாக இருந்தாலும், மேல்முறையீட்டில் பதிவாகும் ராஜி அதன் இடத்தைப் பிடித்துக்கொள்கிறது. குடும்பச் சமரசம் என்பது புதிதாக ஒருவருக்குச் சொத்தை மாற்றித் தருவதன்று, ஏற்கெனவே உள்ள உரிமைகளை ஒருவருக்கொருவர் ஒப்புக்கொள்வதே என்ற கொள்கையை லண்டன் பிரிவி கவுன்சில் 1911இல் ஒரு வழக்கில் விளக்கிற்று. அத்தீர்ப்பை உரைத்தவர், அம்மன்றத்தில் 1909இல் அமர்ந்த முதல் இந்தியரான சையித் அமீர் அலி அவர்களே.

வென்றவர் ஏன் இறங்க வேண்டும் என்ற கேள்விக்கு மிக நேரான விடையைத் தரும் வழக்கு, நாமறிந்த வரையில், தென்னாப்பிரிக்காவில் நடந்ததாகும். அது மேல்முறையீடன்று, மத்தியஸ்தத்திற்குச் சென்ற அசல் வழக்கு. ஆயினும் வெற்றி கைக்கு வந்தபின் நிகழ்ந்தது என்ன என்பதற்காக அதனைச் சற்று விரிவாகவே பார்க்கலாம்.

போர்பந்தரைச் சேர்ந்த மேமன் வணிகர் தாதா அப்துல்லா சேட், பிரிட்டோரியாவில் வணிகம் செய்த தம் நெருங்கிய உறவினர் தையப் ஹாஜி கான் முஹம்மது சேட் மீது 40,000 பவுன் கோரி வழக்குத் தொடுத்திருந்தார். அவ்வழக்கில் தம் வழக்கறிஞர்களுக்கு உதவுவதற்காக, 105 பவுன் ஊதியமும் முதல் வகுப்புப் பயணச் செலவும் தருவதாகக் கூறி, ஓராண்டு ஒப்பந்தத்தில் இந்தியாவிலிருந்து ஓர் இளம் பாரிஸ்டரை 1893இல் வரவழைத்தார். அவர்தாம் மோகன்தாஸ் காந்தி. பீட்டர்மாரிட்ஸ்பர்க் நிலையத்தில் அவர் இரயிலிலிருந்து தள்ளப்பட்டது இவ்வழக்கிற்காகப் பிரிட்டோரியா சென்ற பயணத்தில்தான் என்பதைப் பலர் அறிவர். வழக்கு என்னவாயிற்று என்பதைச் சிலரே அறிவர்.

வழக்கு முழுவதும் கணக்குப் புத்தகங்களையும் கடன் உறுதிச் சீட்டுகளையும் பற்றியது. காந்தி அதற்காகவே கணக்கியல் படித்தார். தம் கட்சிக்காரர் பக்கம் வலுவாக இருப்பதைத் தெளிவாகக் கண்டார். அதோடு, ஒரே ஊரைச் சேர்ந்த உறவினர் இருவரையும் வழக்குச் செலவே அழித்துவிடும் என்பதையும் கண்டார். இரு தரப்பிலும் பேசி, மத்தியஸ்தருக்கு விட ஒப்புக்கொள்ளச் செய்தார். மத்தியஸ்தர் முன் வழக்கு நடந்தது. தாதா அப்துல்லா வென்றார். தையப் சேட் 37,000 பவுனும் செலவுத் தொகையும் செலுத்த வேண்டியதாயிற்று.

இங்கே பெரும்பாலோர் கதையை முடித்துவிடுவர். உண்மையான இக்கட்டு இதன் பின்னர்தான் தொடங்கிற்று. அத்தொகையை ஒரே தடவையில் கொடுக்க தையப் சேட்டால் இயலாது. திவாலாவதைவிட மரணம் மேல் என்று கருதியவர்கள் அங்கிருந்த போர்பந்தர் மேமன்கள். ஒரே வழி, வென்றவர் தவணை கொடுப்பது. மத்தியஸ்தத்திற்கு இருவரையும் இணங்கவைத்ததைவிட, வென்ற தாதா அப்துல்லாவை நீண்ட தவணைக்கு இணங்கவைப்பதே தமக்குக் கடினமாக இருந்ததென்று காந்தி தம் சுயசரிதையில் பதிவு செய்துள்ளார். இறுதியில் சேட் இணங்கினார். தொகை ஒரு பவுனும் குறையவில்லை. காலம் மட்டுமே தரப்பட்டது. இருவரின் மதிப்பும் ஊராரிடையே உயர்ந்தது. மதீனாப் பள்ளியில் தொகை பாதியாகி, செலுத்துவது உடனடியாயிற்று. பிரிட்டோரியாவில் தொகை முழுதாக நின்று, காலம் நீண்டது. வென்றவரிடம் விட்டுக்கொடுக்க எப்போதும் இரண்டு பொருள்கள் இருக்கின்றன. இரண்டையும் விட வேண்டியதில்லை.

நம் இளையவரின் நிலைக்கு மீள்வோம். அவர் கையில் இருந்தது முதனிலைத் தீர்ப்பாணை. கடை மூத்தவர் கையில் இருந்தது. முதல் மேல்முறையீட்டில் சாட்சியம், சட்டம் இரண்டுமே மறுபடியும் ஆராயப்படும். அதன்பின் சட்டப் பிரச்சினை இருப்பின் உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீடு. அனைத்திலும் வென்றபின்னரே இறுதித் தீர்ப்பாணை மனு, ஆணையரின் அளவை, கடையைப் பங்கிட இயலாதெனில் விற்பனை, நிறைவேற்றம். கடையின் அகலம் பதினோரடி. ஐந்து பாகமாக அதை எவ்வாறு பிரிப்பது? ஏலத்தில் போனால் மூவருக்கும் வாப்பாவின் கடை இராது. இவற்றை அவருக்கு எடுத்துச் சொன்னவர் அவருடைய வழக்கறிஞரே, நாமல்லோம். ராஜியானால் கட்டணம் குறையும் என்றறிந்தும் அவர் அதனைச் சொன்னார்.

இவ்விடத்தில் நமது கமிட்டியின் தவறொன்றையும் சொல்லியாக வேண்டும். விசாரணை நீதிமன்றத்தில் வழக்கு நடக்கையிலேயே, அப்போதைய கமிட்டி அண்ணன் தம்பி இருவரையும் அழைத்து ஒரே இரவில் முச்சலிக்கை எழுதி வாங்கிற்று. வழக்கில் மூன்றாம் தரப்பாக இருந்த சகோதரி அழைக்கப்படவில்லை. 'அது ஒன்றும் சொல்லாது' என்றார் ஒரு பெரியவர். அக்கமிட்டியில் இன்று இதனை எழுதுவோருள் சிலரும் இருந்தோம். முச்சலிக்கையை நீதிமன்றத்தில் பதிய முயன்றபோது அது ஏற்கப்படவில்லை, ஏற்கப்படாதது சரியே. 1976ஆம் ஆண்டுத் திருத்தம் 1977 பிப்ரவரி முதல் நடைமுறைக்கு வந்ததிலிருந்து, சமரசம் எழுத்தில் இருந்து தரப்பினர் கையொப்பமிட்டிருக்க வேண்டும் என்பது விதி. கையொப்பமிடாத ஒருவரின் பங்கை மற்ற இருவர் கூடி வைத்துக்கொள்ள இயலாது. அந்த ஓரிரவு அவசரத்தால் அண்ணன் தம்பிக்கிடையே இருந்த பேச்சும் நின்றது. தங்கைக்கு நம் மீதிருந்த நம்பிக்கையும் போயிற்று.

எழுத்தும் கையொப்பமும் வெறும் சடங்கல்ல. சம்மதத்தின் பேரில் வழங்கப்பட்ட தீர்ப்பாணையின் மீது மேல்முறையீடு இல்லை என்கிறது 96ஆம் பிரிவின் 3ஆம் உட்பிரிவு. அதனை எதிர்த்துத் தனி வழக்கும் தொடர இயலாது. ஏமாற்றப்பட்டேன் என்பவர் அதே நீதிமன்றத்தில்தான் முறையிட வேண்டும். இளவர் ஒருவர் தரப்பில் இருந்தால் நீதிமன்றத்தின் அனுமதி இன்றிச் சமரசம் செல்லாது. வக்ஃபு சொத்தின் உரிமை பற்றிய வழக்காயின், 1995ஆம் ஆண்டு வக்ஃபு சட்டத்தின் 93ஆம் பிரிவின்படி, வாரியத்தின் ஒப்புதலின்றி முத்தவல்லி சமரசம் செய்துகொள்ள இயலாது. தம்முடையதல்லாததை விட்டுக்கொடுக்க எவருக்கும் உரிமையில்லை என்ற ஒரே கருத்துதான் இவ்விதிகள் அனைத்திலும் இருக்கிறது.

நாமும் நீதிமன்றமல்லோம். தாருல் கஜாக்களின் முடிவுகளுக்குச் சட்டப் பிணிப்பு இல்லை என்று 2014இல் உச்ச நீதிமன்றம் கூறிற்று. பள்ளிவாசல்களில் நீதிமன்றம்போல் இயங்கும் மன்றங்கள் செயல்படாதிருப்பதை அரசு உறுதி செய்ய வேண்டுமென 2016 டிசம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. இவை வந்தபோது சிலர் வருந்தினர். நமது முச்சலிக்கையை நினைத்துப் பார்த்தால் வருந்துவதற்கு நமக்குத் தகுதியில்லை. இம்முறை நாம் எதையும் தீர்ப்பாகச் சொல்லவில்லை. எவரையும் வரவேண்டுமென்று கட்டாயப்படுத்தவில்லை. வழக்கறிஞர்கள் உடனிருந்தனர், சகோதரி முதல் அமர்விலிருந்தே வந்தார்.

நீதிமன்றத்தின் வழியாகச் சமரசம் தேடும் பாதையிலும் தமிழகத்திற்குத் தனியிடம் உண்டு. 1999ஆம் ஆண்டுத் திருத்தத்தால் நடைமுறைச் சட்டத்தில் மீண்டும் இடம்பெற்ற 89ஆம் பிரிவு 2002 ஜூலை முதல் நடைமுறைக்கு வந்தது. அத்திருத்தங்களை எதிர்த்து உச்ச நீதிமன்றம் சென்றது சேலம் வழக்கறிஞர் சங்கம். திருத்தங்கள் 2002இல் நிலைநிறுத்தப்பட்டன. அவற்றை நடைமுறைப்படுத்தும் முறையை ஆராயக் குழு அமைக்கப்பட்டு, 2005இல் மற்றொரு தீர்ப்பும் வந்தது. அதே 2005 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் நீதிமன்றத்தோடு இணைந்த சமரச மையம் தொடங்கப்பெற்றது. நாட்டில் இவ்வகையில் அதுவே முதலாவது.

நீதிமன்றக் கட்டணம் பற்றிய செய்தி நம் உறுப்பினர்களுக்குப் பயன்படும். சமரச மையம் வழியாகத் தீர்ந்தால் கட்டணம் திரும்பக் கிடைக்கும். தரப்பினர் தாமாகவே வெளியில் பேசித் தீர்த்தால் கிடைக்காது என்று பதிவகம் கூறி வந்தது. சென்னை உயர் நீதிமன்றத்தில் நிலுவையிலிருந்த மேல்முறையீட்டுத் தரப்பினர் இவ்வாறே தமக்குள் தீர்த்துக்கொண்டு கட்டணத்தைக் கோரினர். தாமே தீர்த்துக்கொண்டவர்கள் நீதிமன்றத்திற்கு இன்னும் அதிக வேலையை மிச்சப்படுத்தியவர்கள் அல்லவா என்ற நோக்கில் 2020இல் உயர் நீதிமன்றம் அதனை அனுமதித்தது. உயர் நீதிமன்ற நிர்வாகமே மேல்முறையீடு செய்தபோதும், 2021 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அதனை உறுதி செய்தது. நம் மூத்தவர் செலுத்திய மேல்முறையீட்டுக் கட்டணத்திற்கும் இதன் அடிப்படையிலேயே மனுச் செய்யப்பட்டுள்ளது.

ஐந்தாம் அமர்வில் மூத்தவர் ஒரு கேள்வி எழுப்பினார். அவர்கள் குடும்பம் ஷாஃபிஈ மத்ஹபைப் பின்பற்றுவது. 'ஹிபா உண்மை என்றே நான் இன்றும் நம்புகிறேன். மறுப்பிலிருந்துகொண்டு சமரசம் செய்வது எனக்கு ஆகுமா?' என்றார். நம் இமாம் அவர்கள், வாரிசுரிமை மூவருக்கும் உண்டென்பதை ஏற்றுக்கொண்டு, அதன்மேல் பங்குகளை மாற்றிக்கொள்வதாக எழுதலாமே என்றார். மூத்தவர் இரண்டு வாரம் வரவில்லை. திரும்பி வந்தபோது, அவ்வாறே எழுதச் சொன்னார். வழக்கின் திருப்பம் அதுவே. அன்றுவரை தமக்குத் தோல்வி என்று அவர் கருதியதைத் தம் வாயாலேயே ஒப்புக்கொண்டார். அதைக் கேட்ட இளையவர், கடை அண்ணனுக்கே இருக்கட்டும் என்றார். ஏழாண்டு வழக்கிலும் அதன்பின் மேல்முறையீட்டிலும் அவர் கேட்க விரும்பியது அந்த ஒப்புதலைத்தான் போலும்.

ராஜியின்படி கடை மூத்தவருக்கு, வீடு இளையவருக்கு. சகோதரியின் ஐந்திலொரு பங்கின் மதிப்பை மூத்தவர் மூன்று தவணைகளில் செலுத்த வேண்டும். தவறினால் அத்தொகைக்குக் கடை பொறுப்பு. இம்மதிப்பை யார் நிர்ணயிப்பது என்பதில்தான் கடைசி மூன்று அமர்வுகளும் கழிந்தன. சகோதரி தாமே ஒரு மதிப்பீட்டாளரை ஏற்பாடு செய்து, அறிக்கையோடு வந்தார். நம்மில் எவரும் அதனை எதிர்பார்த்திருக்கவில்லை.

கூட்டு மனு தாக்கலானபோது நீதிபதி மூவரையும் முன்னால் அழைத்து, படித்துப் பார்த்துத்தான் கையொப்பமிட்டீர்களா, எவரேனும் வற்புறுத்தினார்களா என்று தனித்தனியே கேட்டார். சகோதரி, 'முதல் தடவை எழுதியபோது எனக்குத் தெரியாது. இதை நான் படித்தேன்' என்றார். நாம் பின்வரிசையில் தலைகுனிந்து நின்றிருந்தோம். பாகத் தீர்ப்பாணை என்பதால் முத்திரைத்தாளில் எழுதப்பட்டு நகலும் பெறப்பட்டுவிட்டது. முதல் தவணையை நமது அலுவலகத்தில் வைத்து வழங்கலாமா என்று மூத்தவர் கேட்டிருந்தார். சகோதரி வேண்டாமென்றார். தொகை அவருடைய வங்கிக் கணக்கிற்கு நேரடியாகச் செலுத்தப்பட்டது. அடுத்த இரண்டும் அவ்வாறே செலுத்தப்படும், இன்ஷா அல்லாஹ்.